பக்கத்தில் இருந்தவர்கள் எழுதிய புத்தகங்கள்

எழுத்தாளர்களின் வாழ்க்கையைச் சொல்லும் புத்தகம் எது கையில் கிடைத்தாலும், இதை எழுதியவர் அந்த எழுத்தாளருக்கு எவ்வளவு பக்கத்தில் இருந்தார் என்பதைத்தான் முதலில் பார்ப்பேன். நூறு வருஷம் கழித்து ஆவணக் காப்பகத்தில் உட்கார்ந்து எழுதியவரா, கூடவே ஊர் ஊராக அலைந்தவரா, ஒரே வீட்டில் கடன்காரனுக்குப் பதில் சொல்லிக்கொண்டு வாழ்ந்தவரா, வாரம் ஒரு முறை வந்து பேச்சைக் கேட்டுவிட்டுப் போனவரா? ஆய்வாளர்கள் எழுதிய பெரிய வரலாறுகளை மதிக்கிறேன், தேதிகளைச் சரிபார்க்க அவைதான் வேண்டும். ஆனால் ஒரு எழுத்தாளர் எப்படிச் சிரித்தார், எதற்குக் கோபப்பட்டார், யார் வந்தால் முகம் மலர்ந்தது, இதெல்லாம் பக்கத்தில் இருந்தவருக்கு மட்டுமே தெரியும். அவர் எழுதி வைக்காவிட்டால் அவரோடு போய்விடும். அதனால்தான் இந்த வகைப் புத்தகங்கள் மீது எனக்கு இவ்வளவு பிடிப்பு.

உ.வே.சாமிநாதையரிடமிருந்து தொடங்குகிறேன். ‘என் சரித்திரம்’ என்று பெயர் வைத்துக்கொண்டு அவர் எழுதிய புத்தகத்தில் பாதிக்குமேல் மற்றவர்களுடைய சரித்திரம். ஆனந்த விகடனில் 1940இல் தொடராக வரத் தொடங்கி, 1942இல் அவர் இறந்தபோது முடியாமலே நின்றுபோனது. எண்பது வயதைத் தாண்டிய ஒரு மனிதர், பதினாறு பதினேழு வயதில் பார்த்த ஆசிரியரை எழுதுகிறார். மகாவித்துவான் மீனாட்சிசுந்தரம் பிள்ளை தலபுராணங்களைப் பாடிக் குவித்தவர், ஓலையில் எழுத ஒருவரை உட்கார வைத்துவிட்டுச் செய்யுளை வாயால் சொல்லிக்கொண்டே போவார் என்பதெல்லாம் இலக்கிய வரலாற்றில் இருக்கிறது. தளிர் விஷயம் அங்கே இல்லை.

மாயூரத்தில் பிள்ளையவர்களின் வீட்டுத் தோட்டத்தில் மரங்கள் வைத்திருந்தார்கள். அவர் தினமும் அவற்றின் பக்கம் போய், எங்கே புதுத் தளிர் விட்டிருக்கிறது என்று ஆசையோடு தேடிப் பார்ப்பார். புதிதாகச் சேர்ந்த மாணவரான சாமிநாதனுக்கோ ஆசிரியரின் அன்பைப் பெற வேண்டும் என்று ஒரே தவிப்பு. என்ன செய்தார் தெரியுமா? அவர் வருவதற்கு முன்பே போய்ச் செடி செடியாக ஆராய்ந்து தளிர் விட்ட இடங்களைக் குறித்து வைத்துக்கொண்டார். ஆசிரியர் வந்து தேடும்போது, இதோ இங்கே ஒன்று, அதோ அங்கே ஒன்று என்று காட்டினார். அந்த அத்தியாயத்தின் தலைப்பே ‘தளிர் ஆராய்ச்சி’. பின்னாளில் ஏடு ஏடாகத் தேடி அலைந்து, சீவக சிந்தாமணியையும் பத்துப்பாட்டையும் புறநானூற்றையும் அச்சுக்குக் கொண்டுவந்தவரின் முதல் ஆராய்ச்சி அதுதான் என்று எனக்குத் தோன்றும். ஆசிரியரைப் பற்றி நூறு புகழ்மொழி எழுதியிருந்தாலும் இந்த ஒரு தோட்டத்தைப் போல அவர்கள் இருவரையும் காட்டியிருக்க முடியாது.

பிள்ளையவர்கள் 1876இல் இறந்தார். கடைசி நேரத்தில் திருவாசகத்தின் அடைக்கலப் பத்தைப் படிக்கச் சொல்லிக் கேட்டார், படித்தவர் இந்த மாணவர். ஆசிரியரின் வாழ்க்கை வரலாற்றை அவர் இரண்டு பாகமாக வெளியிட்டது 1933, 1934 ஆண்டுகளில். இடையில் ஐம்பத்தேழு வருஷம். அவ்வளவு காலம் ஒரு மனிதரை நெஞ்சில் வைத்திருந்து, அவர் யாருக்கு என்ன பாடல் எழுதிக்கொடுத்தார், எந்த மடத்தில் என்ன சொன்னார், யாரிடம் கடன் பட்டார் என்பது வரை எழுதியிருக்கிறார். தமிழில் வாழ்க்கை வரலாறு எழுத நினைக்கும் எவரும் முதலில் படிக்க வேண்டியது இதைத்தான் என்பது என் உறுதியான கருத்து.

ஆங்கிலத்தில் இந்த வகைக்குத் தலைப்பிள்ளை, எழுத்தாளரும் அகராதித் தொகுப்பாளருமான சாமுவேல் ஜான்சனின் வாழ்க்கை வரலாற்றை எழுதிய ஜேம்ஸ் பாஸ்வெல். ஜான்சனை அவர் முதன்முதலாகச் சந்தித்தது 1763 மே 16, லண்டனில் ஒரு புத்தகக் கடையின் பின்னறையில். பாஸ்வெலுக்கு வயது 22, ஜான்சனுக்கு 53. ஜான்சனுக்கு ஸ்காட்லாந்துக்காரர்களைக் கண்டால் ஆகாது, பாஸ்வெலோ ஸ்காட்லாந்துக்காரர். முதல் சந்திப்பிலேயே நன்றாக வாங்கிக் கட்டிக்கொண்டார். அதை மறைக்காமல் எழுதினார், அங்கேதான் அவருடைய பெருமை. ஜான்சன் தன்னைத் திட்டியது, கேள்வி கேட்டுக் கேட்டு அவரைச் சலிப்படைய வைத்தது, உனக்கு உன்னையும் என்னையும் விட்டால் பேச வேறு விஷயமே இல்லையா, எனக்கு இரண்டுமே அலுத்துவிட்டன என்று அவர் எரிந்து விழுந்தது, எல்லாம் புத்தகத்தில் இருக்கிறது. ஒரு முட்டாள் எப்படியோ எழுதிவிட்ட மகத்தான புத்தகம் என்கிற மாதிரி பத்தொன்பதாம் நூற்றாண்டில் மெக்காலே எழுதினார். எனக்கு அது ஒப்பவில்லை. தன்னை முட்டாளாகக் காட்டிக்கொண்டால்தான் எதிரில் இருப்பவர் வாய் திறப்பார் என்று தெரிந்து, கேட்டதை அன்றிரவே குறித்து வைத்து, இருபது வருஷத்துக்கும் மேல் அதைத் தொடர்ந்து செய்கிறவர் முட்டாளா? 1920களில் அயர்லாந்தில் ஒரு கோட்டையில் பாஸ்வெலின் கையெழுத்துத் தாள்கள் கிடைக்கத் தொடங்கியபோதுதான் அந்த உழைப்பு எவ்வளவு பெரியது என்று உலகத்துக்குத் தெரிந்தது.

ஜான்சனின் நண்பர் வட்டத்தையும் சொல்ல வேண்டும். ஓவியர் ரெனால்ட்ஸ் யோசனையில் 1764இல் தொடங்கிய ஒரு சிறு குழு, பெயரே ‘தி கிளப்’. எட்மண்ட் பர்க், கோல்ட்ஸ்மித் எல்லாரும் அதில் இருந்தார்கள். வாரம் ஒரு மாலை விடுதியில் கூடிச் சாப்பிட்டுப் பேசுவார்கள், அவ்வளவுதான். பாஸ்வெல் அதற்குள் நுழைய 1773 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. அவர் நுழைந்திராவிட்டால் அந்தப் பேச்சில் எவ்வளவு நமக்கு வந்திருக்கும்?

அதே 1773இல் இருவரும் ஸ்காட்லாந்தின் மேற்குத் தீவுகளுக்குப் பயணம் போனார்கள். இதைப் பற்றி இரண்டு புத்தகங்கள் இருக்கின்றன. ஜான்சன் எழுதியது 1775இல் வந்தது. பாஸ்வெல் எழுதியது, ஜான்சன் இறந்த மறுவருஷம், 1785இல். இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் படிக்க வேண்டும். ஜான்சன் நிலத்தைப் பார்க்கிறார், மக்களின் வறுமையைப் பார்க்கிறார், இந்த நாட்டில் மரமே இல்லையே என்று திரும்பத் திரும்பச் சொல்கிறார். பாஸ்வெல் ஜான்சனைப் பார்க்கிறார். மல் தீவில் ஜான்சனின் பெரிய கைத்தடி தொலைந்துபோகிறது. தூக்கிவரச் சொல்லி ஒருவரிடம் கொடுத்திருந்தார். திருடியிருக்க மாட்டான் என்று பாஸ்வெல் எவ்வளவு சொல்லியும் ஜான்சன் கேட்கவில்லை, மரமே இல்லாத இந்த ஊரில் அப்பேர்ப்பட்ட கட்டைக்கு என்ன மதிப்பு என்று யோசித்துப் பாருங்கள் என்கிறார். மரமில்லாத நாடு என்ற கவனிப்பு ஜான்சனின் புத்தகத்தில் ஒரு சமூகக் குறிப்பு, அதே விஷயம் பாஸ்வெலிடம் ஒரு கிழவரின் கோபமும் பிடிவாதமுமாக மாறிவிடுகிறது. அப்புறம் அந்தப் புயல். கடலில் படகு ஆடும்போது பயந்துபோன பாஸ்வெல், நான் என்ன உதவி செய்யட்டும் என்று கேட்டுக்கொண்டே இருக்கிறார். கூட வந்த இளைஞர் ஒரு கயிற்றை அவர் கையில் கொடுத்து, சொல்லும் வரை கெட்டியாகப் பிடித்திருங்கள் என்கிறார். இவரும் பிடித்துக்கொண்டு நிற்கிறார். அந்தக் கயிற்றால் ஒரு பயனும் இல்லை, தன்னைச் சும்மா இருக்க வைக்கத்தான் கொடுத்தார்கள் என்பது பின்னால் அவருக்கே புரிகிறது. ஜான்சனோ கீழே, முதுகுக்குச் சூடாக ஒரு வேட்டை நாயை அணைத்துக்கொண்டு அமைதியாகப் படுத்திருக்கிறார்.

இப்படி ஒரே பயணத்துக்கு இரண்டு சாட்சிகள் கிடைப்பது அபூர்வம். இன்னொன்று ஜப்பானிலிருந்து. ஹைக்கூ கவிஞர் பாஷோ 1689இல் தன் சீடர் சோராவோடு வடக்கே நடந்தார். அந்த நடையிலிருந்து பிறந்த சிறு நூல் உலகம் முழுக்கப் பயண எழுத்தின் சிகரமாகக் கொண்டாடப்படுகிறது. கூட நடந்த சோராவும் ஒரு நாட்குறிப்பு வைத்திருந்தார், அது 1943இல்தான் அச்சில் வந்தது. வானிலை, நடந்த தூரம், தங்கிய வீடு, சந்தித்த ஆள், அவ்வளவுதான் அதில். அழகு கிடையாது. ஆனால் பாஷோ எழுதியதோடு ஒப்பிட்டுப் பார்த்தவர்களுக்குத் தூக்கிவாரிப் போட்டது. தேதிகள் பொருந்தவில்லை, வரிசை மாறியிருக்கிறது. இச்சிபுரி என்ற இடத்தில், அடுத்த அறையில் தங்கியிருந்த இரண்டு கணிகையர் தாங்களும் பின்னால் வரலாமா என்று அழுது கேட்டதாகவும், தான் மறுத்ததாகவும் பாஷோ எழுதுகிறார். நூலிலேயே மனதை மிகவும் தொடும் இடம் அது. அங்கே பிறந்த கவிதையைச் சோராவிடம் சொன்னேன், அவர் எழுதிக்கொண்டார் என்றும் சொல்கிறார். சோராவின் குறிப்பில் அந்தப் பெண்களும் இல்லை, அந்தக் கவிதையும் இல்லை.

பாஷோ பொய் சொல்லிவிட்டார் என்று இதற்காக நான் முகம் சுளிக்கவில்லை. நடந்து முடித்த பிறகு வருஷக்கணக்கில் அந்த நூலைச் செதுக்கினார் அவர். எங்கே எதைச் சேர்த்தார், எதை இடம் மாற்றினார் என்று காட்டுவதற்கு நமக்குச் சோரா இருக்கிறார். ஒரு கவிஞன் உண்மையிலிருந்து கவிதைக்குப் போகும் பாதை இவ்வளவு துல்லியமாக வேறு எங்கே தெரிகிறது?

தமிழில் தி.ஜானகிராமனும் சிட்டியும் சேர்ந்து எழுதிய ‘நடந்தாய் வாழி காவேரி’ இருக்கிறது, இருவரும் ஒரே புத்தகத்துக்குள் கலந்துவிட்டதால் யார் கண் எது என்று பிரித்துப் பார்க்க முடியாது. அசோகமித்திரன் 1973இல் அமெரிக்காவின் அயோவா நகரில் சர்வதேச எழுத்தாளர் திட்டத்தில் கலந்துகொண்டார், அதிலிருந்து வந்தது ‘ஒற்றன்!’. நாவல் என்றுதான் பெயர். ஆனால் பல நாட்டு எழுத்தாளர்களை ஒரே கட்டடத்தில் தங்க வைத்தால் என்ன ஆகும், ஒருவர் மொழி ஒருவருக்குத் தெரியாமல், படைப்பையும் படித்திராமல், வெறும் மனிதர்களாக எப்படிப் பழகுகிறார்கள் என்பதற்கு இதைவிட நல்ல பதிவு எனக்குத் தெரிந்து இல்லை. இலக்கிய விவாதம் அதில் மிகக் குறைவு. குளிரும் தனிமையும் சின்னச் சின்ன மனத்தாங்கல்களும்தான் அதிகம், உண்மையும் அப்படித்தானே இருக்கும்.

மனைவிமார் எழுதியவை தனி வகை. அன்னா தஸ்தயேவ்ஸ்கயாவின் நினைவுகள் பலருக்குத் தெரிந்திருக்கும். 1866 அக்டோபர், அன்னாவுக்கு இருபது வயது, சுருக்கெழுத்து கற்றவர். நவம்பர் முதல் தேதிக்குள் ஒரு நாவல் கொடுக்காவிட்டால் ஒன்பது வருஷம் தான் எழுதுவதையெல்லாம் பணமே இல்லாமல் ஒரு பதிப்பாளர் வெளியிட்டுக்கொள்ளலாம் என்று கையெழுத்துப் போட்டு மாட்டிக்கொண்டிருக்கிறார் தஸ்தயேவ்ஸ்கி. பகலில் அவர் சொல்லச் சொல்ல அன்னா சுருக்கெழுத்தில் எடுக்கிறார், இரவு வீட்டில் அதைப் பெயர்த்து எழுதுகிறார். 26 நாளில் ‘சூதாடி’ முடிந்துவிட்டது. கொண்டுபோனால் பதிப்பாளர் ஊரிலேயே இல்லை, அலுவலகத்தில் வாங்க மறுக்கிறார்கள். கடைசியில் காவல் நிலையத்தில் ஒப்படைத்து ரசீது வாங்குகிறார்கள். அடுத்த சில நாளில், வயதான நோயாளிக் கலைஞன் ஒருவன் ஓர் இளம்பெண்ணை நேசிக்கிறான், அவள் அவனை ஏற்றுக்கொள்வாளா என்று ஒரு கதைக்கு யோசனை கேட்பது போலக் கேட்டுத் தன் மனதைச் சொல்கிறார் தஸ்தயேவ்ஸ்கி. கதையில் அந்தப் பெண்ணின் பெயரும் அன்னாதான்.

இது முதிய வயதில் அன்னா எழுதிய நினைவுகள். ஆனால் 1867இல், திருமணமான முதல் வருஷம், வெளிநாட்டில் இருந்தபோது அன்னா சுருக்கெழுத்திலேயே ஒரு நாட்குறிப்பு வைத்திருந்தார். அது வேறு மாதிரி. கணவர் சூதாட்ட மேசைக்குப் போகிறார், தோற்றுத் திரும்பி வருகிறார், காலில் விழுகிறார், காதணியையும் ப்ரூச்சையும் அடகு வைக்கிறார், மறுபடி போகிறார். கோபம், அவமானம், பொறாமை, வீட்டுக்காரியின் முணுமுணுப்பு எல்லாம் அப்படியே இருக்கின்றன. நினைவுகளில் இவையெல்லாம் மென்மையாகிவிட்டன. கணவரின் கடிதங்களிலும் சில வரிகளை அன்னா அடித்துவிட்டார். அன்பினால் அடித்தார் என்று புரிகிறது, அவருடைய உரிமை அது, நான் குறை சொல்ல மாட்டேன். இருந்தாலும் நினைவுகளை மட்டும் படித்துவிட்டு நிறுத்துகிறவர்களிடம், அந்த நாட்குறிப்பையும் படியுங்கள் என்று கெஞ்சிக் கேட்கத் தோன்றும். இருபது வயதுப் பெண் அந்த அறைகளில் என்ன பாடுபட்டாள் என்பது அதில்தான் இருக்கிறது.

சாட்சிகள் அதிகமாகிவிட்டாலும் ஆபத்துதான். டால்ஸ்டாயின் கடைசி வருஷங்களில் வீட்டில் எழுதாதவர்களே இல்லை. மனைவி சோபியா நாட்குறிப்பு எழுதினார். செயலாளர் புல்ககோவ் எழுதினார். மருத்துவர் மகோவிட்ஸ்கி சட்டைப் பைக்குள்ளேயே துண்டுத் தாளும் பென்சிலும் வைத்து, மேசையில் பேச்சு நடக்கும்போதே குறித்துக்கொண்டார். டால்ஸ்டாயும் எழுதினார், அதை மற்றவர்கள் படிக்கிறார்கள் என்று தெரிந்து 1910இல் தனக்கு மட்டும் என்று இன்னொரு நாட்குறிப்பு தொடங்கிக் காலணிக்குள் ஒளித்து வைத்தார், அதையும் சோபியா கண்டுபிடித்துவிட்டார். இவற்றைச் சேர்த்துப் படிக்கும்போது மூச்சு முட்டுகிறது. அந்த வருஷம் அக்டோபர் கடைசியில் அந்த எண்பத்திரண்டு வயது மனிதர் இருட்டோடு வீட்டை விட்டு ஏன் கிளம்பிப் போனார் என்பதற்கு விளக்கமே தேவையில்லை.

இவ்வளவு பேர் எழுதியும், டால்ஸ்டாயை உயிரோடு காட்டியவர் மாக்சிம் கோர்க்கிதான் என்பேன். 1901, 1902 வாக்கில் கிரிமியாவில் டால்ஸ்டாய் நோய்வாய்ப்பட்டுத் தங்கியிருந்தபோது கோர்க்கியும் அருகில் இருந்தார், செகாவும் வந்துபோனார். கோர்க்கி துண்டுத் துண்டுத் தாள்களில் குறித்து வைத்தார், கோவையாக எழுதவே இல்லை. அதில் ஒன்று: கல்லின்மேல் வெயில் காயும் ஓணானிடம் டால்ஸ்டாய் தாழ்ந்த குரலில் பேசுகிறார். நீ சந்தோஷமாக இருக்கிறாயா என்று கேட்கிறார். சுற்றும்முற்றும் பார்த்துவிட்டு, நான் அப்படி இல்லை என்று அதனிடம் சொல்கிறார். கோர்க்கிக்கு டால்ஸ்டாய்மேல் பக்தி மட்டும் இருக்கவில்லை, கோபமும் சந்தேகமும் இருந்தன, இந்தக் கிழவர் எதையோ மறைக்கிறார் என்ற உறுத்தல் இருந்தது. அதனால்தான் அவ்வளவு கூர்ந்து பார்க்க முடிந்தது. முழுப் பக்தர்கள் எழுதும் நினைவுகள் பெரும்பாலும் சப்பென்று இருப்பதற்குக் காரணம் இதுதான்.

எழுதி வைப்பதே உயிருக்கு ஆபத்தாக இருந்த காலமும் உண்டு. லிதியா சுக்கோவ்ஸ்கயா 1938இலிருந்து கவிஞர் அன்னா அக்மதோவாவைச் சந்தித்ததைப் பதிவு செய்தார். லிதியாவின் கணவர், இயற்பியலாளர், அந்த வருஷம்தான் சுட்டுக் கொல்லப்பட்டார். அக்மதோவாவின் மகன் சிறையில். அக்மதோவாவின் அறையில் ஒட்டுக்கேட்கும் கருவி இருக்கலாம் என்ற பயம். பேசிக்கொண்டிருக்கும்போதே அக்மதோவா கண்ணால் கூரையையும் சுவரையும் காட்டுவார், ஒரு துண்டுத் தாளை எடுப்பார், தேநீர் குடிக்கிறீர்களா என்பது போல எதையாவது உரக்கக் கேட்டுக்கொண்டே வேகமாக எழுதி நீட்டுவார். லிதியா படித்து மனப்பாடம் செய்துகொண்டு பேசாமல் திருப்பிக் கொடுப்பார். இந்த வருஷம் சீக்கிரமே இலையுதிர்காலம் வந்துவிட்டது என்று அக்மதோவா உரக்கச் சொல்லித் தீக்குச்சியைக் கிழித்து, சாம்பல் கிண்ணத்தின்மேல் அந்தத் தாளை எரிப்பார். ‘ரெக்வியம்’ என்ற கவிதைத் தொடர் இப்படிச் சிலருடைய தலைக்குள் மட்டுமே உயிரோடு இருந்தது. முழுதாக அச்சில் வந்தது 1963இல், அதுவும் ரஷ்யாவுக்கு வெளியே, மியூனிக்கில். இலக்கிய வட்டம் என்று நாம் லேசாகச் சொல்கிறோம். அங்கே வட்டம் என்பது ஒரு கவிதையைச் சேர்ந்து சுமந்த நாலைந்து மனிதர்கள்.

சரி, நம் பக்கம் வருகிறேன். பாரதி 1908இலிருந்து பத்து வருஷம் புதுச்சேரியில் இருந்தார். பிரெஞ்சு ஆட்சிப் பகுதி என்பதால் பிரிட்டிஷ் போலீஸ் கைது செய்ய முடியாது, ஒற்றர்களை மட்டும் விட்டு வைத்திருந்தார்கள். 1910இல் அரவிந்தரும் வ.வே.சு.ஐயரும் வந்து சேர்ந்தார்கள். அந்த வட்டத்தைப் பற்றி வ.ரா. எழுதிய பாரதி வரலாற்றில் முதல் சந்திப்பு மறக்க முடியாதது: இவர் ஆங்கிலத்தில் பேச ஆரம்பிக்க, பாரதி உள்ளே இருந்த இன்னொருவரைக் கூப்பிட்டு, இவரோடு நீ இங்கிலீஷில் பேசு என்று விட்டுவிடுகிறார். வ.ரா. கூனிக் குறுகிப்போனார். அந்தக் கூச்சத்தை மறைக்காமல் எழுதியதில் எனக்குப் பாஸ்வெல் நினைவுக்கு வருவார்.

ஆனால் அந்த வீட்டுக்குள் நம்மைக் கூட்டிக்கொண்டு போகிறவர் யதுகிரி அம்மாள். பாரதியின் நண்பர் மண்டயம் ஸ்ரீநிவாஸாச்சாரியாரின் மகள், அப்போது சிறுமி. பெரியவர்கள் அரசியலும் வேதாந்தமும் பேசியதை மற்றவர்கள் எழுதிவிட்டார்கள். பாட்டு எழுதியவுடன் அதைப் பாடிக் காட்ட பாரதி யாரைத் தேடினார், செல்லம்மாளுக்கு எதில் வருத்தம், பிள்ளைகளை அவர் எப்படி நடத்தினார் என்பதெல்லாம் இந்தச் சிறுமியின் கண் வழியாகத்தான் தெரியவருகிறது. பாரதியைப் பற்றிய நினைவு நூல்களில் ஒன்றே ஒன்றுதான் படிக்க நேரம் என்று யாராவது கேட்டால் யோசிக்காமல் இதைச் சொல்வேன்.

மணிக்கொடிக்காரர்களுக்கு பி.எஸ்.ராமையா இருந்தார். ஸ்டாலின் சீனிவாசன், வ.ரா., டி.எஸ்.சொக்கலிங்கம் மூவரும் 1933இல் தொடங்கிய பத்திரிகை அது, பின்னால் ராமையா கைக்கு வந்து சிறுகதைப் பத்திரிகையாக மாறியது. அவருடைய ‘மணிக்கொடி காலம்’ படித்தால், தமிழ்ச் சிறுகதையின் பொற்காலம் என்று சொல்லப்படுவது எவ்வளவு பணமுடைக்கு நடுவில் நடந்தது என்று தெரியும். புதுமைப்பித்தன் 1948இல் 42 வயதில் இறந்தார். மூன்றே வருஷத்தில், கடைசிக் காலத்தில் அவரோடு நெருங்கிப் பழகிய தொ.மு.சி.ரகுநாதன் அவர் வரலாற்றை எழுதி வெளியிட்டுவிட்டார், அப்போது ரகுநாதனுக்கு முப்பது வயதுகூட ஆகவில்லை. அந்த அவசரம் நல்லது என்பேன். கோபமும் துக்கமும் ஆறுவதற்குள் எழுதிய புத்தகம் அது, அந்தச் சூடு இன்றும் அதில் இருக்கிறது. அதோடு சேர்த்துப் படிக்க வேண்டியவை புதுமைப்பித்தன் மனைவி கமலாவுக்கு எழுதிய கடிதங்கள். நண்பர்களிடம் எக்காளமாகப் பேசிய மனிதர், மணியார்டர் எப்போது அனுப்ப முடியும், எப்போது சேர்ந்து வாழ முடியும் என்று தவித்துக்கொண்டிருந்தது அவற்றில் தெரியும். இடைசெவலைச் சேர்ந்த கு.அழகிரிசாமி தன் ஊர் நண்பர் கி.ராஜநாராயணனுக்கு எழுதிய கடிதங்களும் அப்படித்தான், ஒரே கிராமத்தில் வளர்ந்த இரண்டு பேர் இசையும் கம்பனும் கதையும் பேசிப் பேசி ஒருவரை ஒருவர் எழுத்தாளராக்கிக்கொண்டதை அவற்றில் பார்க்கலாம்.

சுந்தர ராமசாமியின் ‘நினைவோடை’ வரிசைக்குக் காரணமானவர்களுக்கு நான் மனமார நன்றி சொல்வேன். க.நா.சு., சி.சு.செல்லப்பா, கிருஷ்ணன் நம்பி, ஜீவா, ஜி.நாகராஜன், பிரமிள் என்று தான் பழகியவர்களைப் பற்றி அவர் வாயால் சொல்லச் சொல்லப் பதிவு செய்து புத்தகமாக்கியிருக்கிறார்கள். எழுதும்போது ஒவ்வொரு சொல்லையும் எடை போடுகிறவர், பேசும்போது தயக்கம் விட்டுச் சொல்லியிருக்கிறார். செல்லப்பாவின் பிடிவாதம், நாகராஜனோடு பழகுவதில் இருந்த பதற்றம், பாசமும் விலகலும் ஒன்றாகக் கலந்த அந்தத் தொனி, அவர் எழுதிய கட்டுரைகளில்கூட இவ்வளவு கிடைக்காது. சிறுபத்திரிகைக் காலத்தில் இவர்களைப் போன்றவர்களோடு சேர்ந்து அச்சகத்தில் புரூஃப் பார்த்தவர்கள், சந்தா வசூலித்தவர்கள், கூட்டம் முடிந்து விடிய விடியப் பேசியவர்கள் பலர் இன்னும் இருக்கிறார்கள். பெரும்பாலானவர்கள் எழுத்தாளர்கள் அல்ல, எழுதவும் மாட்டார்கள். யாராவது ஒரு கைப்பேசியை முன்னால் வைத்துவிட்டு, அன்றைக்கு யார் யார் வந்திருந்தார்கள், என்ன பேசினீர்கள் என்று கேட்டால் போதும். சோராவின் குறிப்பைப் போல வெறும் தேதியும் பெயரும் இடமும் கிடைத்தாலும் சரி, எனக்கு அது வேண்டும்.